திங்கட்கிழமைப் பால்: செந்தூல் வீட்டில் இஞ்சித் தேநீர் திரிந்த கதை

கோலாலம்பூர், செந்தூலில் ஓர் அடுக்குமாடி வீடு. பெரியவர்கள் மூன்று பேர், பள்ளிக்குப் போகும் பையன் ஒருவன். விடிவதற்கு முன்பே இரண்டு பேர் வேலைக்குக் கிளம்பியாக வேண்டும். கூடவே பிளாஸ்கில் இஞ்சி தட்டிய மசாலா தேநீரும் போகும். சில மாதங்களாக அந்தத் தேநீர் திரியத் தொடங்கியது. தினமும் திரிந்திருந்தால் யாரும் மண்டையை உடைத்துக்கொண்டிருக்க மாட்டார்கள். திங்களும் செவ்வாயும் திரியும். புதன்கிழமை ரெண்டுங்கெட்டானாக இருக்கும். வியாழன், வெள்ளியில் ஒரு தொந்தரவும் இல்லை. ஞாயிற்றுக்கிழமை மாமியார் போடும் தேநீரோ ஒருநாளும் திரிந்ததில்லை.

வீடு என் தங்கையுடையது. நான் ஓர் உணவுத் தொழிற்சாலையின் தரச் சோதனைப் பிரிவில் இருப்பவன். "அண்ணே, இந்தப் பால கொஞ்சம் உங்க லேப்ல குடுத்துப் பாருங்களேன்" என்று போன் வந்தது. லேபுக்கு எதையும் கொண்டு போக வேண்டியிருக்கவில்லை, எல்லாம் அந்தச் சமையலறையிலேயே தெரிந்துவிட்டது. ஆனால் விசாரித்த வரைக்கும் சுவாரசியமான வழக்கு. வாராவாரம் ஒரே நாளில் இரண்டு பொருள்கள் மாறிக்கொண்டிருந்தன, வீட்டார் கண்ணில் பட்டது ஒன்றுதான்.

வீட்டில் முடிவாகியிருந்த காரணம்

பால்தான் குற்றவாளி என்று எல்லாரும் ஏகமனதாகத் தீர்ப்பெழுதி வைத்திருந்தார்கள். அதற்கு ஆதாரமும் இருந்தது. சனிக்கிழமை பேரங்காடிக்குப் போகும்போது பெரிய புட்டிப் பால் வாங்குவார்கள். பாஸ்டர் முறையில் சூடாக்கி, குளிரிலேயே வைத்து விற்கும் பால். அது செவ்வாய் இரவோடு தீர்ந்துவிடும். புதனிலிருந்து கீழ்த்தளக் கடையில் வாங்கும் பெட்டிப் பால், அதாவது அதிவெப்பத்தில் பதப்படுத்தி, பிரிட்ஜ் இல்லாமலே மாதக்கணக்கில் தாங்குவது. புட்டிப் பால் நாளில் திரிகிறது, பெட்டிப் பால் நாளில் திரியவில்லை. இதைவிட வேறென்ன சாட்சி வேண்டும்?

"ரெண்டு நாளு பிரிட்ஜ்ல கெடந்த பாலு திரியாம என்ன தம்பி பண்ணும்?" என்றார் மாமியார். அதற்குள் பேரங்காடியை மாற்றிப் பார்த்துவிட்டார்கள், பாலின் பிராண்டை மாற்றிப் பார்த்துவிட்டார்கள், பிரிட்ஜின் குளிரைக் கூட்டியும் பார்த்துவிட்டார்கள். திங்கட்கிழமை மட்டும் மாறவில்லை.

மாப்பிள்ளை வேறொரு கட்சி. இஞ்சி புளிப்பு, அதனால்தான் பால் உடைகிறது என்பது அவர் வாதம். இது நிற்காது. இஞ்சிச் சாறு எலுமிச்சைச் சாறு போலப் புளித்த சரக்கு இல்லை, ஒரு கரண்டி இஞ்சிச் சாற்றின் புளிப்புக்கு நல்ல பால் அசையாது. தேயிலைத்தூள் கொஞ்ச நாளாகக் கடுமையானதாக மாறியிருந்தது, அதன் மேலும் ஒரு கண் இருந்தது. தேயிலையின் துவர்ப்புச் சத்து பாலின் புரதத்தோடு ஒட்டிக்கொள்ளும் என்பது உண்மைதான். பால் விட்டதும் தேநீரின் துவர்ப்பு அடங்குவது அதனால்தான். அதற்காகப் பால் கட்டிகட்டியாக உடைந்துவிடுவதில்லை. உடைந்தால் இந்த நாட்டில் ஒரு மாமாக் கடைகூட, அதாவது தமிழ் முஸ்லிம்களின் சாப்பாட்டுக் கடைகூட, நடத்த முடியாது.

திங்கட்கிழமை காலை அடுப்படியில்

ஞாயிறு இரவு அங்கேயே தங்கினேன். தங்கையின் முறை இது: ஞாயிறு சாயங்காலம் வாரத்துக்குத் தேவையான இஞ்சியை மொத்தமாகத் துருவி, துணியில் பிழிந்து, சாற்றை ஒரு கண்ணாடிப் புட்டியில் ஊற்றி பிரிட்ஜில் வைத்துவிடுவாள். தினமும் காலையில் இஞ்சி தட்டும் வேலை மிச்சம். புட்டியின் அடியில் மாவு வெள்ளையாகப் படிந்திருந்தது, மேலே வைக்கோல் நிறத்தில் தெளிந்த சாறு.

காலையில் கண்ணாடி ஜாடியில் பாலை ஊற்றினாள். புட்டியைக் குலுக்கி இரண்டு கரண்டி சாறு விட்டாள். ஜாடி மைக்ரோவேவுக்குள் போனது. அந்த நேரத்தில் மசாலாவும் தேயிலையும் தனியாக ஒரு சட்டியில் கொதித்துக்கொண்டிருந்தன. மணி அடித்ததும் ஜாடியை எடுத்து மேடையில் வைத்துவிட்டு, பையனை எழுப்பப் போனாள். பால் கொதிக்கவில்லை, விரல் வைத்தால் சுடும் அளவுக்குத்தான் சூடு. பார்க்க வழவழவென்று இருந்தது.

அவள் திரும்பி வருவதற்குள் ஜாடியை லேசாகச் சாய்த்துப் பார்த்தேன். பால் ஓடவில்லை. மொத்தமாக ஒரு பக்கம் சரிந்தது. கண்ணாடியோரத்தில் ஒரு விரிசல் விட்டு, அதில் மஞ்சள் கலந்த தெளிநீர் ஊறியது. அவள் வந்து அதன்மேல் சுடச்சுடத் தேயிலைச் சாயத்தை ஊற்றிய பிறகுதான் அது பொடிப்பொடியாக உடைந்து மிதந்தது. "பாத்தீங்களா? தேத்தண்ணி ஊத்துனதும் திரிஞ்சிடுது" என்றாள். இத்தனை நாளும் அவள் பார்த்தது அந்தக் கடைசிக் கட்டத்தை மட்டும்தான். தேயிலை வருவதற்கு முன்பே பால் உறைந்து முடிந்திருந்தது.

ஒரு கரண்டி எடுத்து வாயில் போட்டுப் பார்த்தேன். புளிப்பு துளியும் இல்லை, கெட்ட வாடையும் இல்லை. கெட்ட பால் திரிந்தால் நாக்குக்கும் மூக்குக்கும் உடனே தெரிந்துவிடும். அதே புட்டியில் மிச்சமிருந்த பாலைச் சட்டியில் ஊற்றி நன்றாகப் பொங்கவிட்டேன். பொங்கி எழுந்து அடங்கியது, ஒரு திப்பிகூட இல்லை. பால் கொள்முதல் செய்யும் இடங்களில் இன்றைக்கும் செய்கிற சோதனை இது. புளிக்கத் தொடங்கிய பால் கொதிவரும்போது தாங்காது, உடைந்துவிடும். இந்தப் பால் தாங்கியது. பாலுக்கு அத்தோடு பாதி விடுதலை.

மீதி விடுதலை பக்கத்து வீட்டிலிருந்து வந்தது. ஏதோ பாத்திரத்தைத் திருப்பிக் கொடுக்க வந்த கண்டோனீஸ் ஆன்ட்டி ஜாடியை எட்டிப் பார்த்துவிட்டுச் சிரித்தார். "இத நாங்க வேணும்னே செய்வோமே" என்றார் மலாயில். குவாங்டோங் பக்கத்து இனிப்பு அது: சர்க்கரை போட்ட பாலைச் சூடாக்கி, கொஞ்சம் ஆறவிட்டு, அப்போதே பிழிந்த இஞ்சிச் சாற்றின்மேல் உயரத்திலிருந்து ஊற்றுவார்கள். கிளறாமல் விட்டால் சில நிமிடங்களில் கிண்ணத்திலேயே உறைந்துவிடும். கரண்டியை மேலே வைத்தால் முழுகாது, அதுதான் பதம். போகிற போக்கில் அவர் இன்னொன்றும் சொன்னார்: சாற்றை அப்போதைக்கப்போது பிழிய வேண்டும், பழைய சாறு ஊற்றினால் உறையாது.

அந்த ஒரு வாக்கியத்தில் வாரத்தின் கணக்கு முழுக்க இருந்தது. புதன்கிழமை பால் மட்டும் மாறவில்லை, அதற்குள் இஞ்சிச் சாறும் பழசாகிவிடுகிறது.

இஞ்சி பாலை என்ன செய்கிறது

இளம் பப்பாளிக் காயைப் போட்டால் ஆட்டுக்கறி சீக்கிரம் வெந்துவிடும் என்பது நம் வீடுகளில் எல்லாருக்கும் தெரியும். பப்பாளிப் பாலில் இருக்கும் பப்பைன் என்ற நொதி இறைச்சியின் புரதத்தை வெட்டுகிறது. அன்னாசியில் புரோமெலைன். இதே குடும்பத்தைச் சேர்ந்த நொதி பச்சை இஞ்சியிலும் உண்டு, ஜிஞ்சிபைன் என்று பெயர். இஞ்சியில் இப்படியொரு புரதம் வெட்டும் நொதி இருப்பதை உணவு அறிவியல் ஆய்வுகள் 1973 முதல் பேசி வருகின்றன. பாலாடைக்கட்டி செய்ய, கன்றின் வயிற்றிலிருந்து எடுக்கும் ரென்னெட்டுக்குப் பதிலாக இதைப் பயன்படுத்த முடியுமா என்றும் ஆராய்ந்திருக்கிறார்கள்.

பாலின் புரதத்தில் ஏறக்குறைய 80 விழுக்காடு கேசின். அது நுண்ணிய உருண்டைகளாகப் பாலில் மிதக்கிறது. ரம்புத்தான் பழத்தை நினைத்துக்கொள்ளுங்கள்: ஒவ்வோர் உருண்டையின் மேலும் மயிர் நீட்டிக்கொண்டிருக்கும். அந்த மயிர்தான் கப்பா கேசின் என்ற பகுதி, உருண்டைகள் ஒன்றோடொன்று ஒட்டாமல் தள்ளி வைப்பது அதுதான். இஞ்சியின் நொதி அந்த மயிரைச் சிரைத்துவிடுகிறது. மொட்டையான உருண்டைகள் ஒன்றையொன்று பற்றிக்கொள்ள, பால் உறைகிறது, நீர் பிரிகிறது. புளிப்புக்கு இதில் வேலையே இல்லை. அதனால்தான் நாக்கில் எதுவும் தெரியவில்லை.

இந்த நொதிக்குச் சூடு பிடிக்கும், ஆனால் ஓர் அளவுக்குத்தான். 60 டிகிரி செல்சியஸ் சுற்றுவட்டாரத்தில் மும்முரமாக வேலை செய்யும். 70-ஐத் தாண்டத் தாண்டச் சிதையத் தொடங்கும், கொதியில் செத்துவிடும். தங்கை சாறு கலந்த பாலை மைக்ரோவேவில் மெல்லச் சூடேற்றி, கொதிக்கவிடாமல் எடுத்து, மேடையில் சும்மா வைத்துவிட்டுப் போகிறாள். ஜிஞ்சிபைனே வந்து சமையல் குறிப்பு எழுதியிருந்தாலும் இப்படித்தான் எழுதியிருக்கும்.

பிழிந்த சாற்றில் இந்த நொதி நீண்ட நாள் நிலைப்பதும் இல்லை. தன்னைத் தானே வெட்டிக்கொள்ளும், காற்றாலும் கெடும். பிரிட்ஜில் வைத்தாலும் இரண்டொரு நாளில் பாதி வீரியம் போய்விடும். திங்கள், செவ்வாயில் திரிந்ததும், புதனில் தடுமாறியதும், வியாழனில் அடங்கியதும் இந்தக் கணக்கோடு அப்படியே பொருந்துகிறது.

பாலையும் சாற்றையும் பிரித்துப் பார்த்தது

பொருந்துகிறது என்பதால் மட்டும் நிரூபணம் ஆகிவிடாது. வீட்டார் சொன்ன பால் கதையும்தான் பொருந்தியது. இரண்டும் ஒரே நாளில் மாறுவதால் பிரித்துப் பார்த்தாக வேண்டும். அந்த வாரச் சாற்றில் கொஞ்சம் மிச்சம் வைக்கச் சொன்னேன். சனிக்கிழமை புதிதாக ஒரு துண்டு இஞ்சியைப் பிழிந்தோம். புட்டிப் பால், பெட்டிப் பால் இரண்டும் மேடைக்கு வந்தன. ஒவ்வொரு கண்ணாடிக் குவளையிலும் 100 மில்லி பால், 65 டிகிரிக்குச் சூடாக்கியது, 1 தேக்கரண்டி சாறு. சூடு பார்க்க இறைச்சிக்குச் செருகும் வெப்பமானி போதுமானதாக இருந்தது. சாற்றை விட்டு ஒருமுறை கலக்கி, கை படாமல் விட்டோம்.

புதுச் சாறு ஊற்றிய புட்டிப் பால் கொஞ்ச நேரத்திலேயே கரண்டி தாங்கும் அளவுக்கு உறைந்தது. புதுச் சாறு ஊற்றிய பெட்டிப் பால் அந்த அளவுக்குக் கட்டியாகவில்லை. ஆனால் குருணை குருணையாகி ஓரத்தில் நீர் விட்டது, திரிந்தது திரிந்ததுதான். பழைய சாறு ஊற்றிய இரண்டு பாலும் இஞ்சி வாசத்தோடு பாலாகவே இருந்தன. ஆக, புதுச் சாறு எந்தப் பாலையும் விடவில்லை, பழைய சாறு எந்தப் பாலையும் தொடவில்லை. மாமியார் குவளைகளை வரிசையாகச் சாய்த்துப் பார்த்துவிட்டு, "அப்ப பேரங்காடிக்காரன அநியாயமா ஏசிட்டோம்" என்றார்.

பெட்டிப் பால் ஏன் அவ்வளவாகக் கட்டியாகவில்லை என்பதற்கும் காரணம் உண்டு. 135 டிகிரிக்கு மேல் சில விநாடிகள் சூடாக்கும்போது பாலின் மோர்ப் புரதங்கள் உருக்குலைந்து கேசின் உருண்டைகளின் மேல் ஒட்டிக்கொள்கின்றன. ரென்னெட் ஊற்றினாலும் அந்தப் பால் ஒழுங்காக உறையாது. பாலாடைக்கட்டி செய்கிறவர்கள் அதைத் தொடாததும் இதனால்தான். புதன்கிழமை ஏன் ரெண்டுங்கெட்டானாக இருந்தது என்பதற்கு இதுவும் ஒரு பங்கு: பாதி ஓய்ந்த சாறு, உறைய மறுக்கும் பால்.

இன்னும் இரண்டு குவளை வைத்தோம். ஒன்றில் புதுச் சாற்றைத் தனியாகக் கொதிக்க வைத்து விட்டோம். மற்றதில், பொங்கிக்கொண்டிருக்கும் பாலில் பச்சைச் சாற்றை நேராக விட்டோம். இரண்டும் திரியவில்லை.

மாமியார் தேநீரும் மாமாக் கடைத் தேநீரும்

மாமியார் இஞ்சியை இடிகல்லில் நசுக்கித் தண்ணீரில் போடுவார், அடுப்பை ஏற்றிவிட்டு விளக்கேற்றப் போய்விடுவார். திரும்பி வரும்போது தண்ணீர் தளதளவென்று கொதித்துக்கொண்டிருக்கும். அப்புறம்தான் தேயிலை, அப்புறம்தான் பால். பால் வருவதற்குள் நொதி ஒழிந்துவிடுகிறது. அவர் போடும் இஞ்சியின் அளவு தங்கையுடையதைவிட அதிகம். அளவு எவ்வளவு கூடினாலும் வரிசை சரியாக இருந்தால் பால் தப்பிக்கிறது.

மாமாக் கடையில் தே ஹாலியா என்ற இஞ்சித் தேநீர் திரியாததற்கும் பெரும்பாலும் இதே காரணம்தான்: கொதிக்கும் சாயத்தில் இஞ்சி, அதன் பிறகு டின் பால். அந்த டின்னைத் திருப்பி லேபிளைப் படித்துப் பாருங்கள், இப்போது பலவற்றில் 'கிரீமர் மானிஸ்', அதாவது இனிப்பு கிரீமர், என்றுதான் போட்டிருக்கும். பால் கொழுப்பின் இடத்தில் செம்பனை எண்ணெய். வீட்டில் கடை ருசி வரவில்லையே என்று ஏங்குகிறவர்களுக்கு அதில் பாதி விடை இருக்கிறது. ருசி நன்றாகத்தான் இருக்கும், அதை நான் மறுக்கவில்லை. தினசரி பிளாஸ்குக்கு எனக்கு ஒப்பவில்லை.

என்ன மாற்றினோம்

தினமும் மாமியார் முறையில் போடு என்று சொல்லிவிட்டுப் போவது சுலபம். காலையில் அடுப்பு முன்னால் நிற்க நேரமில்லாததால்தான் அவள் புட்டிக்கே போனாள். அதனால் புட்டியை ஒழிக்கவில்லை, உள்ளே இருப்பதைத்தான் மாற்றினோம். பச்சைச் சாற்றுக்குப் பதில் கொதித்த கஷாயம்.

ஞாயிறு சாயங்காலம் 500 மில்லி தண்ணீரில் 60 கிராம் முற்றிய இஞ்சியை நசுக்கிப் போட வேண்டும். சவ்கிட் பசாரில் பெந்தோங் இஞ்சி கிடைத்தால் 40 கிராம் போதும், அந்தக் காரம் வேறு. கூடவே கிராம்பு 6, மிளகு ஒரு தேக்கரண்டி தட்டியது, விரல் நீளத்தில் பாதி அளவுக்குப் பட்டை. மூடி போட்டுச் சிறு தீயில் 10 நிமிடம் கொதித்ததும் சூட்டோடு வடிகட்டி, வெந்நீரில் கழுவிய புட்டியில் ஊற்றி, ஆறியதும் பிரிட்ஜில் வைக்க வேண்டும். வியாழனுக்குள் தீர்த்துவிட வேண்டும். வெள்ளிக்கிழமைக்கு இஞ்சியைத் தட்டிப் போட்டுக்கொள்ளட்டும்.

பட்டையைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். இங்கே மளிகைக் கடைகளில் கிடைப்பது பெரும்பாலும் இந்தோனேசியாவிலிருந்து வரும் தடித்த, கெட்டியான சுருள். இலங்கைப் பட்டை மெல்லிய தாள்களை அடுக்கிச் சுருட்டியதுபோல இருக்கும், கையாலேயே நொறுங்கும். தடித்த ரகத்தில் பசைத்தன்மை அதிகம். வடிகட்டாமல் இரவு முழுக்க ஊறவிட்டால் தண்ணீர் கொழகொழவென்று ஆகிவிடும். தங்கை முதல் வாரம் மசாலாவை எடுக்காமல் புட்டியிலேயே விட்டுவிட்டாள், மறுநாள் "அண்ணே, இது என்ன வெண்டைக்காய்த் தண்ணி மாதிரி" என்று போட்டோ வந்தது. சூட்டோடு வடிகட்டச் சொல்வது இதற்காகத்தான்.

காலையில் இரண்டு பேருக்கு: 100 மில்லி கஷாயம், 200 மில்லி தண்ணீர், கொதித்ததும் 2 தேக்கரண்டி தேயிலைத்தூள், 2 நிமிடம். கேமரன் மலைத் தூளே போதும், மசாலாவுக்கு விலை உயர்ந்த இலைத் தேயிலை வீண். பிறகு 200 மில்லி பால், தட்டிய ஏலக்காய் 3, ஒரு பொங்கு, இறக்கிவிடலாம். ஏலக்காயை ஞாயிற்றுக்கிழமைக் கஷாயத்தில் சேர்க்கவே கூடாது, அதன் வாசம் ஆவியோடு போய்விடும். இஞ்சி, கிராம்பு, மிளகெல்லாம் கொதி தாங்கும். நேரமில்லாத நாளில் பாலையும் கஷாயத்தையும் பழையபடி மைக்ரோவேவில் வைத்து அப்புறம் சாயத்தை ஊற்றினாலும் திரிவதில்லை. அவள் பெரும்பாலும் அப்படித்தான் செய்கிறாள். மாமியாருக்கு அது பிடிக்கவில்லை, அது வேறு வழக்கு.

மாமியார் கஷாயத்தில் ஒரு குறை கண்டுபிடித்தார்: காரம் இருக்கிறது, ஆனால் பச்சை இஞ்சி மூக்கில் ஏறும் அந்தச் சுரீர் இல்லை என்று. சரிதான். இஞ்சியின் காரத்துக்குக் காரணமான ஜிஞ்சரால் கொதிக்கக் கொதிக்கப் பாதி மென்மையான வேறு பொருளாக மாறிவிடும், எலுமிச்சை வாசம் போன்ற மேல்மணம் ஆவியாகிவிடும். உலர்ந்த சுக்கில் அதே ஜிஞ்சரால் இன்னும் காரமான ஷோகாலாக மாறுவதால்தான் சுக்குக் காப்பி தொண்டையில் வேறு மாதிரி இறங்குகிறது. இதற்கு வழி, நகக்கண் அளவு பச்சை இஞ்சியைத் தட்டி, தேயிலையோடு சேர்த்துக் கொதிக்கும் தண்ணீரில் போடுவது. பால் ஊற்றுவதற்கு முன், தண்ணீர் நன்றாகக் கொதிக்கும்போது போட வேண்டும். இறக்கி வைத்த தேநீரில் போடக் கூடாது.

அதற்குப் பிறகு

வாரக்கணக்கில் திரியவில்லை. பிறகு ஒரு சனிக்கிழமை மாலை, திரிந்த தேநீரின் போட்டோ மறுபடியும் வந்தது. கஷாயம் கொதித்ததுதான், பால் அன்றைக்குத் திறந்ததுதான். அன்று வெள்ளைச் சர்க்கரைக்குப் பதில் கூலா மலாக்கா என்ற தென்னை வெல்லம் போட்டிருக்கிறார்கள், அடுப்பில் பால் கொதித்துக்கொண்டிருக்கும்போதே. இந்த முறை குற்றவாளி இஞ்சி இல்லை. தென்னம்பாளையைச் சீவி இறக்கும் பதநீர் காய்ச்சுவதற்குள் கொஞ்சம் புளித்துவிடும், அந்தப் புளிப்பு கட்டியில் தங்கியிருக்கும். கொதிக்கும் பால் அதைத் தாங்காது. வெல்லம் போட்டுப் பால் பாயசம் வைப்பவர்களுக்கு இது தெரிந்த சங்கதிதான். வெல்லத்தைத் தனியாகப் பாகாக்கி, அடுப்பை அணைத்து, பால் சற்று ஆறிய பிறகுதான் ஊற்றுவார்கள். இப்போது கூலா மலாக்காவைச் சீவி அடிக்குவளையில் போட்டுக்கொள்கிறார்கள். அடுப்பிலிருந்து இறக்கிச் சற்று ஆறிய தேநீரை அதன்மேல் வடிகட்டுகிறார்கள்.

பக்கத்து வீட்டு ஆன்ட்டியிடம் தங்கை அந்த இஞ்சிப் பால் இனிப்பையும் கற்றுக்கொண்டுவிட்டாள். பையன் தேநீர் குடிப்பதில்லை, அதைக் கேட்டு வாங்கிச் சாப்பிடுகிறான்.